வீட்டில் ஒரு பழைய படம்கூட இல்லை. அம்மம்மாவைப் பற்றி ஆவணப்படம் எடுக்க முடியுமா?

முடியும். 2018இல் திருகோணமலையில் என் அம்மம்மாவை வைத்து நான் எடுத்தேன். எங்களிடமும் ஆல்பம் இல்லை. 1990இல் இடம்பெயர்ந்தபோது வீட்டோடு போனது.

நான் முதலில் விட்ட பிழையைச் சொல்கிறேன். அம்மம்மாவைக் கதிரையில் இருத்தி, கமராவை நேரே வைத்து, "1942இல குண்டு போட்டதைச் சொல்லுங்கோ" என்று கேட்டேன். அந்த ஆண்டு ஏப்ரல் 9 காலையில் ஜப்பான் விமானங்கள் துறைமுகத்தையும் சீனக்குடா விமானத்தளத்தையும் தாக்கின. அப்போது அவருக்கு ஒன்பது வயது. இரண்டே நிமிடத்தில் சொல்லி முடித்துவிட்டார். பாடப்புத்தகத்தில் இல்லாதது எதுவும் அதில் இல்லை.

இரண்டு நாள் கழித்து அவர் குசினியில் தேங்காய் துருவிக்கொண்டிருந்தார். போனை அலுமாரியில் சாய்த்து வைத்து அவருடைய கைகளை மட்டும் எடுத்தேன். சித்திரை வருசத்துக்கு மா இடிப்பது பற்றிச் சும்மா ஏதோ கேட்டேன். துருவுகிற கை நிற்கவேயில்லை. "அண்டைக்கு அம்மா வறுத்த மா சூடு ஆறேல்ல. தகரத்தில கொட்டி என்ர தலையில வைச்சா. கன்னியா வரைக்கும் நடந்தம். உச்சியெல்லாம் சுட்டது." குண்டு விழுந்தபோது சித்திரை வருசத்துக்கு நாலைந்து நாள்தான் இருந்தது என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது.

அதனால் படம் இல்லையே என்று கவலைப்படாதீர்கள். அவர் பழகிய வேலையைச் செய்யவிட்டு, பக்கத்தில் இருந்து சின்னச் சின்னதாகக் கேளுங்கள்.

அப்புறம், சத்தம். படம் கொஞ்சம் மங்கலாக இருந்தால் பொறுப்பார்கள், பேச்சு விளங்காவிட்டால் எழும்பிப் போய்விடுவார்கள். சட்டையில் குத்துகிற சின்ன மைக் ஒன்று வாங்குங்கள். ஃபேனை நிறுத்துங்கள். பேசி முடிந்ததும் அந்த அறையின் சத்தத்தை மட்டும் ஒரு நிமிடம் பதியுங்கள். எடிட் செய்யும்போது வெட்டிய இடங்களை நிரப்ப அது வேண்டும். வெளிச்சத்துக்கும் ஒன்று: இலங்கையில் மின்சாரம் 50 ஹேர்ட்ஸ். கமராவில் நொடிக்கு 25 பிரேம், ஷட்டர் வேகம் 1/50 நொடி என்று வைத்தால் டியூப்லைட் மினுங்காது.

1990 பற்றிப் பேசும்போது ஒரு பெயர் வந்தது. "இதை நிப்பாட்டு பிள்ளை" என்றார். நிறுத்தினேன், அந்தத் துண்டை அழித்தும் விட்டேன். அவர் வேண்டாம் என்றால் வேண்டாம்தான். இதில் இரண்டாவது பேச்சே கிடையாது.

உறவுக்காரர் இன்னொருவரிடமும் அதே நாளைப் பற்றிக் கேளுங்கள். அம்மம்மாவின் தம்பி உப்புவெளியில் இருக்கிறார். அன்றைக்கு அவருக்கு நாலு வயது. மா வீட்டிலேயே கிடந்தது, வழியெல்லாம் மாங்காய்தான் தின்றோம் என்கிறார். எது சரி என்று நான் தேடப் போகவில்லை. அவரை வீட்டுக்குக் கூட்டி வந்து, குசினியில் எடுத்ததை லேப்டாப்பில் போட்டு இரண்டு பேருக்கும் காட்டினேன். அவர்கள் பார்ப்பதைக் கமரா எடுத்துக்கொண்டிருந்தது.

"அக்கா, நீங்க என்னையல்லோ தூக்கிக்கொண்டு வந்தனீங்க. பிறகு தகரத்தை எப்பிடித் தூக்கினனீங்க?" என்றார் தம்பி.

அம்மம்மா கனநேரம் பேசவில்லை. திரையைப் பார்த்தபடியே இருந்தார். வலது கை மட்டும் மெல்ல எழும்பி உச்சியைத் தடவியது. என் படம் அந்த இடத்தில்தான் முடிகிறது.