வீட்டுக் கடன் கேள்வி-பதில்: தவணையை விடுங்கள், மீதி மாதத்தைப் பாருங்கள்

இந்த முறை வந்த கடிதங்களில் பெரும்பாலானவை வீட்டுக் கடனைப் பற்றித்தான். அசல், வட்டி, இஎம்ஐ என்றால் என்ன என்பதிலிருந்து தொடங்கப் போவதில்லை, அது தெரிந்துதான் எழுதியிருக்கிறீர்கள். எண்களை வசதிக்காக முழுமையாக்கியிருக்கிறேன். பத்து, இருபது ரூபாய் வித்தியாசத்துக்காக மறுகடிதம் எழுத வேண்டாம்.

கே: 50 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி. 20 வருடம் போடலாம் என்றிருந்தேன். வங்கியில் 30 வருடம் போட்டால் தவணை 5,000 குறையும் என்கிறார்கள். எது நல்லது? (திருச்சி)

20 வருடம் என்றால் தவணை 43,400. மொத்தமாகக் கட்டும் வட்டி 54 லட்சம். 30 வருடம் என்றால் தவணை 38,450, வட்டி 88 லட்சம். மாதம் 5,000 குறைகிறது என்று சொன்னவர், கடைசியில் 34 லட்சம் கூடுகிறது என்பதையும் சொன்னாரா? அதே கடனை 15 வருடத்துக்குப் போட்டால் தவணை 49,200தான், வட்டி 39 லட்சத்துக்குள் முடிந்துவிடும். அதாவது 20 வருடக் கடனைவிட மாதம் 6,000 கூடக் கட்டினால் 15 லட்சத்துக்கு மேல் மிச்சம்.

"பாதுகாப்புக்காக 30 போட்டுக்கொள்ளுங்கள், கையில் பணம் வரும்போது முன்கூட்டியே கட்டலாம்" என்றும் சிலர் சொல்வார்கள். சம்பளம் நிலையில்லாதவர்களுக்கு அது சரி. மற்றவர்களிடம் நான் கண்டது, குறைகிற அந்த 5,000 வீட்டுச் செலவில் கரைந்துவிடும், கடனுக்கு வராது. 20-க்கு மேல் போகாதீர்கள்.

கே: உள்ளூர் ஃபைனான்ஸில் 7 சதவீத ஃப்ளாட் வட்டியில் 10 வருடத்துக்குத் தருகிறார்கள். வங்கியைவிட மலிவுதானே? (நாமக்கல்)

இல்லை. அது ஏறக்குறைய 12 சதவீதம். அசல் குறையக் குறைய வட்டியும் குறைய வேண்டும், ஃப்ளாட்டில் கடைசி மாதம் வரைக்கும் முழு அசலுக்கும் வட்டி போடுவார்கள்.

கே: சார், நான் வீட்டுக் கடன் வாங்கியிருக்கிறேன். மொத்தம் எவ்வளவு வட்டி கட்டுவேன்? உடனே பதில் தேவை.

எவ்வளவு கடன், என்ன வட்டி, எத்தனை வருடம், எந்த வருடம் வாங்கினீர்கள், ரெப்போவோடு (மற்ற வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி விகிதம்) இணைந்ததா இல்லையா? ஒன்றுமே இல்லாமல் எப்படிச் சொல்வது? ஊர்ப் பெயர்கூட இல்லை. உங்கள் கடன் கணக்கு ஸ்டேட்மென்ட்டை எடுங்கள். அதில் அசல் பாக்கியும் மீதி மாதங்களும் இருக்கும். மீதி மாதத்தைத் தவணையால் பெருக்கி, அசல் பாக்கியைக் கழியுங்கள். இனி நீங்கள் கட்டப்போகிற வட்டி அதுதான், இரண்டு நிமிட வேலை.

கே: கடன் ஒப்புதலான பிறகு, 1.5 லட்சத்துக்கு ஒரே தவணை இன்ஷூரன்ஸ் எடுத்தால்தான் பணம் விடுவிப்போம் என்றார்கள். அதையும் கடனோடு சேர்த்துவிட்டார்கள். கட்டாயமா? (மேடவாக்கம்)

கட்டாயமில்லை. வங்கி விற்க நினைக்கிறது, அவ்வளவுதான். அந்த 1.5 லட்சத்துக்கும் 20 வருடம் வட்டி ஓடும், முடிவில் 3 லட்சத்துக்கு மேல் கட்டியிருப்பீர்கள். பாலிசி கைக்கு வந்து 30 நாளுக்குள் என்றால் வேண்டாமென்று எழுதிக் கொடுத்துத் திரும்பப் பெறலாம். இன்றே எழுதுங்கள். வந்த பணத்தைச் சேமிப்புக் கணக்கில் விடாமல் கடன் அசலிலேயே கழிக்கச் சொல்லுங்கள். உயிர்க் காப்பு வேண்டும்தான், அதில் இரண்டு கருத்து இல்லை. ஆனால் தனியாக ஒரு டேர்ம் பாலிசி (உயிர்க் காப்பு மட்டும் தருவது) எடுங்கள், வருடா வருடம் கட்டுங்கள். நாளைக்குக் கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடு வரும்.

கே: 2021-ல் 6.75 சதவீதத்தில் 50 லட்சம் வாங்கினேன், 20 வருடத்துக்கு. இடையில் வட்டி ஏறியபோது நண்பர்களுக்கெல்லாம் தவணை கூடியது, எனக்கு மட்டும் 38,000-லேயே நின்றது. நல்ல வங்கி என்று நிம்மதியாக இருந்தேன். போன வாரம் செயலியில் பார்த்தால் இன்னும் 22 வருடம் பாக்கி என்கிறது. நாலு வருடம் ஒழுங்காகக் கட்டியிருக்கிறேன். தப்பாகக் காட்டுகிறதா? (கோவை)

தப்பில்லை. இதே கேள்வியை இன்னும் நாலைந்து பேர் வேறு வேறு எண்களோடு கேட்டிருக்கிறார்கள். அதனால் முழுக் கணக்கையும் சொல்கிறேன், பொறுமையாகப் படியுங்கள்.

2022 மே தொடக்கத்தில் ரெப்போ 4 சதவீதம். 2023 பிப்ரவரியில் அது 6.5 ஆகிவிட்டது. உங்கள் கடன் ரெப்போவோடு இணைந்தது என்றால் 6.75-ல் இருந்த வட்டி 9.25 ஆகியிருக்கும். அந்தச் சமயத்தில் உங்கள் அசல் பாக்கி சுமார் 47.5 லட்சம். அதற்கு ஒரு மாத வட்டி மட்டுமே 36,600. நீங்கள் கட்டியது 38,000. ஆக அசலுக்குப் போனது மாதம் 1,400 சொச்சம்! அடுத்த இரண்டு வருடத்தில் 9 லட்சத்துக்கு மேல் கட்டியிருக்கிறீர்கள், அசல் இறங்கியதோ நாற்பதாயிரத்துக்கும் குறைவு. மீதி என்ன ஆனது என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

2023-ல் அந்த வட்டியிலேயே கடன் ஓடியிருந்தால் அது முடிய இன்னும் 427 மாதம் ஆகியிருக்கும், 35 வருடத்துக்கு மேல். 2025-ல் ரெப்போ படிப்படியாக 5.25-க்கு இறங்கியது. உங்கள் வட்டியும் 8-க்கு வந்தது. அதனால்தான் செயலி 22 வருடம் காட்டுகிறது. நாலு வருடம் கட்டிய பிறகு 16 காட்ட வேண்டியது. வட்டி ஏறியபோது ஓடிய மாதங்கள் வட்டி இறங்கியதும் தானாகத் திரும்பி வராது.

தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டும் இந்தப் பழக்கத்தின் மேல் எனக்குப் பல வருடமாகக் கோபம் இருக்கிறது. மாதம் 38,000 போகிறவருக்கு 45,200 போனால் அன்றே தெரியும். கிளைக்குப் போய்க் கேட்பார், வேறு வங்கியைத் தேடுவார், எங்கேயாவது கடன் வாங்கியாவது கொஞ்சம் அசலைக் குறைப்பார். காலம் நீண்டால் ஒன்றும் தெரியாது. அதுதான் வங்கிக்கு வசதி. ஓய்வு பெறும் வயதைத் தாண்டி ஐந்தாறு வருடத்துக்குத் தவணை ஓடுகிறது என்பதை 58 வயதில் கண்டுபிடித்தவர்கள் எனக்கு எழுதியிருக்கிறார்கள். அவர்களில் ஒருவர்கூட ஒரு தவணையும் தவறவிட்டவர் இல்லை. ஒழுங்காகக் கட்டுகிறவருக்குத்தான் இந்த நிலைமை.

ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் இதற்கு ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும். மாதா மாத வட்டியையாவது தவணை முழுசாக அடைக்க வேண்டும், அசல் ஏறிக்கொண்டே போகும்படி விடக்கூடாது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்கு விவரம் தர வேண்டும், அதில் மீதித் தவணைகளும் இருக்க வேண்டும். விதி நல்ல விதிதான். ஆனால் அந்தத் தகவல் ஒரு குறுஞ்செய்தியாகவோ மின்னஞ்சலாகவோ வருகிறது, நாம் திறப்பதில்லை. பதில் சொல்லாதவருக்குக் காலம் நீளும்.

சரி, உங்களுக்கு வருவோம். இப்போது அசல் பாக்கி 47 லட்சம் சொச்சம் இருக்கும். தவணையை 43,500 ஆகக் கூட்டச் சொல்லி எழுத்தில் கொடுங்கள். வாயால் சொல்லிவிட்டு வராதீர்கள். மாதம் 5,500 கூடுதல். கடன் 16 வருடத்தில், முதலில் சொன்ன தேதியிலேயே முடியும், வட்டியில் 16 லட்சம் வரை மிச்சமாகும். இப்போதைக்கு 5,500 முடியாதென்றால் 3,000 கூட்டுங்கள், அடுத்த சம்பள உயர்வில் மீதி. அப்புறம், வருடத்தில் இரண்டு முறையாவது மீதி மாதங்களைப் பாருங்கள். தவணை மாறாமல் இருப்பது நல்ல செய்தி இல்லை.

கே: வரி மிச்சமாகிறது, அதனால் கடனைச் சீக்கிரம் அடைக்காதே என்கிறார் எங்கள் ஆடிட்டர். (மதுரை)

நீங்கள் புதிய வரிமுறையில் இருக்கிறீர்களா, பழையதிலா? சொல்லவில்லை. புதியதில் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவே கிடையாது, பேச்சு அதோடு முடிந்தது. பழையதில் வருடம் 2 லட்சம் வரை கழிக்கலாம். 30 சதவீத வரம்பில் இருப்பவருக்கு அது செஸ்ஸோடு சேர்த்து 62,000 மிச்சம். 50 லட்சம் கடனுக்கு முதல் வருடம் கட்டும் வட்டி 4.2 லட்சம். 62,000 மிச்சமாவதற்காக 4.2 லட்சம் கட்டுவது எனக்குக் கணக்காகத் தெரியவில்லை. வரிச் சலுகை என்பது கடன் வாங்கியாகிவிட்டதே என்பதற்கு ஒரு சின்ன ஆறுதல், கடனை வைத்துக்கொண்டிருக்கக் காரணம் இல்லை.

கே: 60 லட்சத்துக்குத் தனி வீடு பார்த்திருக்கிறோம். கையில் 12 லட்சம் இருக்கிறது, மீதி 48 லட்சம் கடன். போதுமா? (சேலம்)

போதாது. வங்கி 80 சதவீதம் தரும், அது 48 லட்சம், அதுவரை சரி. முத்திரைத்தாள், பதிவுக் கட்டணம் சேர்த்து 9 சதவீதம், அதாவது 5.4 லட்சம் எங்கே? அதை வங்கி வீட்டு மதிப்பில் சேர்க்காது. கடனுக்காகப் பத்திரத்தை ஒப்படைக்கும் எம்.ஓ.டி. பதிவுக்கு இன்னும் ஒரு 30,000. பிராசஸிங் கட்டணம், அதற்கு 18 சதவீத ஜிஎஸ்டி, வக்கீல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் ஃபீஸ், பத்திரம் எழுதும் கூலி. குடிபோகும் முன் பெயின்ட், கிரில், கட்டில், அலமாரி. கையில் 20 லட்சம் இல்லாமல் அட்வான்ஸ் கொடுக்காதீர்கள். குறைகிற பணத்துக்குப் பர்சனல் லோனோ நகைக் கடனோ வாங்கலாம் என்று யோசிக்கிறீர்கள் என்றால், வீட்டின் விலையே உங்களுக்கு மேலே இருக்கிறது என்று அர்த்தம்.

கே: கட்டி முடிக்காத ஃப்ளாட் வாங்கியிருக்கிறேன். சாவி வரும் வரை வட்டி மட்டும் கட்டினால் போதும் என்கிறார்கள். நல்ல வசதிதானே? (ஓசூர்)

வங்கிக்கு வசதி. ப்ரீ-இஎம்ஐ என்கிற இந்த வட்டி மட்டும் கட்டும் முறையில் ஒரு ரூபாய்கூட அசலுக்குப் போகாது. 40 லட்சம் விடுவிக்கப்பட்டிருந்தால் மாதம் 28,000 வட்டி, மூன்று வருடம் இழுத்தால் 10 லட்சம். அதற்கு மேல் இப்போது இருக்கும் வாடகை வேறு. முடிந்தால் முழுத் தவணையையும் முதல் மாதமே தொடங்கச் சொல்லுங்கள். எந்தத் தளம் முடிந்ததும் எவ்வளவு விடுவிப்பு என்பதை ஒப்பந்தத்தில் பாருங்கள், வேலை நடக்காமல் பணம் போகக்கூடாது.

கே: போனஸ் வந்தால் கடனில் கட்டலாமா? அபராதம் உண்டா? (வேளச்சேரி)

மாறும் வட்டியில் தனிநபர் வீட்டுக் கடனுக்கு அபராதம் கிடையாது. நிலையான வட்டி என்றால் ஒப்பந்தத்தைப் படியுங்கள். வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலே 20 வருடக் கடன் மூன்று வருடம் முன்னதாக முடியும். தவணையை வருடம் 5 சதவீதம் கூட்டிக்கொண்டே போனால் சுமார் 12 வருடம்தான். ஆனால் கட்டும்போது "காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள், இல்லையென்றால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிடுவார்கள். மறுமாதம் ஸ்டேட்மென்ட் எடுத்து மீதி மாதங்கள் குறைந்திருக்கிறதா என்று பாருங்கள். ஆறு மாதச் செலவுக்கான பணத்தை மட்டும் தொடாதீர்கள்.

கே: அரை சதவீதம் குறைவாகத் தரும் வங்கிக்குக் கடனை மாற்றலாமா? 40 லட்சம், 15 வருடம் பாக்கி. (விருதுநகர்)

8.5-லிருந்து 8 என்றால் மொத்தம் 2 லட்சம் மிச்சம். எம்.ஓ.டி. மறுபடி பதிய வேண்டும், பிராசஸிங் உண்டு, அதில் 50,000 போகலாம். முதலில் இப்போதைய வங்கியிலேயே வட்டியைக் குறைக்கச் சொல்லிக் கேளுங்கள். புதுக் கடன்காரருக்குத் தரும் விகிதத்தைப் பழையவருக்கும் ஒரு சின்னக் கட்டணத்தில் தருவார்கள், கேட்டால்தான். மாறியே ஆவது என்றால் புது வங்கியிலும் 15 வருடமே போடுங்கள். மறுபடி 20 போட்டீர்களானால் மிச்சமெல்லாம் போய்விடும்.

கே: கடன் முடிந்து எட்டு மாதம் ஆகிறது. பத்திரம் இன்னும் வரவில்லை, "ஹெட் ஆபீஸில் இருக்கிறது" என்கிறார்கள். (தஞ்சாவூர்)

எட்டு மாதமா! முழுக் கடனும் அடைந்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்கள் உங்கள் கைக்கு வர வேண்டும். தாமதம் வங்கியால் என்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். பத்திரமே தொலைந்திருந்தால், நகல் எடுத்துக் கொடுக்க அவர்களுக்கு இன்னும் 30 நாள் அவகாசம் உண்டு, அதற்கு மேல் இல்லை. 2023 டிசம்பர் 1 முதல் வரும் எல்லா விடுவிப்புக்கும் இந்த விதி பொருந்தும். தொகையைக் கணக்குப் போட்டு, விதியைக் குறிப்பிட்டு, கிளை மேலாளருக்குக் கடிதம் கொடுத்து நகலில் முத்திரை வாங்குங்கள். 30 நாளில் பதில் வராவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போங்கள், கட்டணம் இல்லை. பத்திரம் வந்ததும் வேலை முடிந்தது என்று பீரோவில் வைத்துவிடாதீர்கள். சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்.ஓ.டி. ரத்து ரசீதைப் பதிந்து, வில்லங்கச் சான்று எடுத்து அதில் அந்தப் பதிவு வந்திருக்கிறதா என்று பாருங்கள். வராவிட்டால் நீங்கள் விற்கும் நாளில் வாங்குகிறவரின் வக்கீல் அதைத்தான் முதலில் கேட்பார்.