பட்டா யார் பேர்ல தம்பி?

"அக்கா, ஈக்வடார்ல வவோரானி பழங்குடிப் பெண்கள் காட்டைக் காப்பாத்துன கதைய படிச்சேன். நம்ம டெல்டாவுல ஏன் அப்படி யாருமே இல்ல? எங்க அம்மா இன்னும் பூங்கார்ங்கற பாரம்பரிய நெல்லு விதை வச்சிருக்காங்க. அத வச்சு ஒரு யூடியூப் சேனல் ஆரம்பிக்கலாமா?"
— திருத்துறைப்பூண்டி பக்கத்துலேர்ந்து ஒரு தம்பி

அன்புத் தம்பி,

அம்மா இன்னும் விதை எடுத்து வைக்கிறாங்கன்னு படிச்சதும் அவ்ளோ சந்தோஷம். சேனல் உன் இஷ்டம்.

ஆனா "யாருமே இல்ல"ன்னு எப்படிப்பா எழுதுன? உங்க ஊர்லேர்ந்து கீழவெண்மணி எவ்ளோ தூரம்? அரைப்படி நெல்லு கூலி கூடக் கேட்டதுக்கு 1968 டிசம்பர் 25 ராத்திரி 44 பேர உயிரோட கொளுத்துன மண்ணு அது. அந்தப் பக்கமே வந்து தங்கி, 1981ல லாஃப்டிங்கற அமைப்ப ஆரம்பிச்சு, நிலமில்லாத தலித் குடும்பங்களுக்கு நிலம் வாங்கிக் குடுத்தவங்க கிருஷ்ணம்மாள் ஜெகந்நாதன். அதுவும் பொம்பளைங்க பேர்ல. கடலோரத்துல இறால் பண்ணைங்க வந்து தண்ணியெல்லாம் உப்பா மாறுனப்போ அவங்க வீட்டுக்காரர் ஜெகந்நாதன் போட்ட கேஸ்லதான் 1996ல சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு வந்துச்சு, போராட்டத்துல முன்னாடி நின்னது இந்தப் பொம்பளைங்கதான். ஈக்வடார் தெரியுது, இது தெரியல, எனக்குக் கோவம் வராதா?

வவோரானிக்காரங்க 2019ல கோர்ட்ல ஜெயிச்சதும் எங்க பாட்டன் பூட்டன் நிலம், எங்கள முறையா கேக்காம எண்ணெய்க்கு ஏலம் விடக்கூடாதுன்னு வாதாடித்தான். நிலம் எங்களுதுன்னு சொல்ல முடிஞ்சுது பாரு, அதான் விஷயம்.

எங்க அப்பாயி அறுப்புக்கு முன்னாடியே வயல்ல இறங்கி கலப்புக் கதிரெல்லாம் கிள்ளி எறிஞ்சுட்டுத்தான் விதைக்கு ஒதுக்கும், காயப்போட்ட நெல்ல ஒண்ணு எடுத்துப் பல்லுல கடிக்கும், டக்குன்னு உடைஞ்சாதான் நொச்சி இலை போட்டு குதிர்ல கொட்டும், இல்லன்னா இன்னொரு நாள் வெயில்தான். அத்தனையும் பண்ணுன மனுஷி பேர்ல ஒரு குழி நிலம் கிடையாது. எங்க அத்தைக்கும் அதே கதை. 1989லயே இங்க பொண்ணுக்கும் சமபங்குன்னு சட்டம் வந்தாச்சு, ஆனா சீர் செஞ்சாச்சுல்ல, பொறந்த வீடு வேணுமா வேணாமான்னு பேசிப் பேசியே என் பங்கு வேணாம்னு எழுதிக் குடுக்கற விடுதலைப் பத்திரத்துல கையெழுத்து வாங்கிட்டாங்க. அத்தை அன்னிக்கு வீட்டுக்கு வந்து ஒரு வாய் சாப்பிடல.

பாரம்பரியத்தக் காக்கும் தாய்னு மேடையில பொன்னாடை போத்துறவங்க இதப் பத்தி வாயே தெறக்கறதில்ல. நாளைக்கு மகனோ கொழுந்தனோ பிளாட் போட வித்தா அந்தம்மா வெதைய எங்க வெதைக்கும்? ரோட்லயா?

உங்க நிலத்துப் பட்டா, சிட்டாவ எடுத்துப் பாரு. அம்மா பேரு இருக்கா? உனக்கு அக்கா தங்கச்சி இருந்தா அவங்க பேரு? பாத்துட்டு எழுது, சேனலுக்குப் பேரு வைக்கறத அப்புறம் பேசுவோம்.

அன்புடன்,
அக்கா