தினமும் தண்ணீர் ஊற்றியும் ஃபெர்ன் ஏன் காய்கிறது?

தென்னாப்பிரிக்காவில் ஜோகன்னஸ்பர்க் அருகே உள்ள லெனேசியாவிலிருந்து ஒரு வாசகி கேட்கிறார்: "டர்பனில், சாட்ஸ்வர்த்தில் மாமியார் வீட்டு வெராண்டாவில் செழிப்பாகத் தொங்கிய ஃபெர்ன் செடியைப் பிரித்து, ஒரு தொட்டியில் இங்கே கொண்டுவந்தேன். தினமும் காலையில் ஒரு டம்ளர் தண்ணீர் ஊற்றுகிறேன், இலைமேலும் தெளிக்கிறேன். ஆனாலும் ஆடி பிறந்ததிலிருந்து நுனி கருகுகிறது, கை பட்டாலே இலை கொட்டுகிறது. தண்ணீர் அதிகமாகிவிட்டதா, போதவில்லையா?"

போதவில்லை அம்மா. தண்ணீர் அதிகமானால் இலை மஞ்சளாகித் தொய்யும், அடித்தண்டு கறுக்கும், மண்ணில் புளித்த வாடை வரும். உங்கள் செடியில் இலை மொறுமொறுவென்று உதிர்கிறது. அது தாகம்தான்.

தினமும் ஊற்றியும் எப்படித் தாகம் என்று கேட்பீர்கள். நாளை ஊற்றிய கையோடு தொட்டியைத் தூக்கிப் பாருங்கள். வெறும் தொட்டிபோல லேசாக இருந்தால் விஷயம் புரிந்துவிடும். பீட் (மக்கிய பாசி) கலந்த மண் ஒருமுறை நன்றாகக் காய்ந்துவிட்டால் சுருங்கி, தொட்டியின் ஓரத்தை விட்டு விலகி நிற்கும். அப்புறம் தண்ணீரை ஏற்றுக்கொள்ளாது. நீங்கள் ஊற்றும் டம்ளர் தண்ணீர் அந்த ஓர இடுக்கு வழியாக வழிந்து தட்டுக்குப் போய்விடுகிறது. மேல்மண் ஈரமாகத் தெரியும், நடுவேர் பொட்டுக்கூட நனையாது.

வாளியில் வெதுவெதுப்பான தண்ணீர் எடுத்து, தொட்டியின் விளிம்புக்குச் சற்றுக் கீழே தண்ணீர் வரும்வரை தொட்டியை அதில் இறக்கி வையுங்கள். குமிழ் குமிழாகக் காற்று வெளியேறும். அது நிற்க அரை மணி நேரம் ஆகலாம், பொறுமையாக விடுங்கள். பிறகு எடுத்து, நன்றாக வடியவிட்டு, பழைய இடத்தில் வையுங்கள். இப்போது தூக்கிப் பார்த்தால் கனம் தெரியும். அந்தக் கனத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். இனி எப்போது ஊற்றுவது என்பதை உங்கள் கை சொல்லட்டும்: தொட்டி லேசாகி, விரலை முதல் கணு வரை விட்டால் ஈரம் குறைவாகப் படும்போது, அடித்துளையில் வழியும்வரை ஊற்றுங்கள். தட்டில் தேங்கியதைக் கொட்டிவிடுங்கள். தினம் ஒரு டம்ளர் என்ற கணக்கு வேண்டாம்.

ஊர் மாறியதையும் யோசியுங்கள். டர்பன் கடலோரம், காற்றிலேயே ஈரம் உண்டு. நீங்கள் இருப்பதோ கடல்மட்டத்துக்கு 1,500 மீட்டருக்கும் மேலே. அங்கே மழையெல்லாம் கோடையில்தான். கோயிலில் கூழ் ஊற்றும் ஆடி மாதம்தான் குளிரும் வறட்சியும் உச்சத்தில் இருக்கும் காலம். அதோடு அறையில் ஹீட்டரும் போட்டால் செடி பாவம். இலைமேல் தெளிக்கும் ஈரம் சில நிமிடங்களில் போய்விடும். அதை நம்பவே நம்பாதீர்கள். ஜன்னல் வைத்த குளியலறை இருந்தால் குளிர்காலம் முடியும்வரை அங்கே வைப்பது நல்லது. இல்லையென்றால் ஹீட்டரிலிருந்து தள்ளி, மற்ற செடிகளோடு சேர்த்து வையுங்கள். இரவில் வெளியே விடாதீர்கள், உறைபனி ஒரே நாளில் முடித்துவிடும்.

எந்த ஜன்னல் என்பதில் பலர் ஏமாறுகிறார்கள். ஐரோப்பியப் புத்தகங்களில் ஃபெர்னுக்கு வடக்கு ஜன்னல் நல்லது என்று இருக்கும். தென்னாப்பிரிக்காவில் வடக்குப் பக்கம்தான் வெயில் அடிக்கும். உங்களுக்குத் தெற்கு ஜன்னல் சரி. காலை வெயில் லேசாகப் படும் கிழக்கும் பரவாயில்லை.

காய்ந்த இலைகளை அடியோடு கத்தரித்துவிடுங்கள், அவை இனிப் பச்சையாகாது. நடுவில் உற்றுப் பாருங்கள்: பழுப்பு முடி மூடிய, நத்தைபோலச் சுருண்ட சின்னக் குருத்து ஒன்றாவது இருந்தால் செடி பிழைத்துக்கொள்ளும். இலையின் அடிப்பக்கம் வரிசையாகப் பழுப்புப் புள்ளிகள் தெரிந்தால் பூச்சி என்று மருந்தடிக்காதீர்கள். ஃபெர்ன் பூக்காது, அந்தப் புள்ளிகளில் இருப்பது விதைக்குப் பதிலாக அது பரப்பும் தூள்போன்ற வித்துகள் (ஸ்போர்). உரம் இப்போது வேண்டாம். புரட்டாசியில் புதுக் குருத்து விரியத் தொடங்கியதும், திரவ உரத்தைப் பாக்கெட்டில் சொன்ன அளவில் பாதியாகக் கரைத்து, மாதம் ஒருமுறை கொடுங்கள்.

இன்னொன்று. அடுத்த முறை தொட்டி மாற்றும்போது வேரைப் பாருங்கள். கொண்டைக்கடலை அளவில் உருண்டைகள் தொங்கினால் அது வீடுகளில் வழக்கமாகத் தொங்கவிடும் பாஸ்டன் ஃபெர்ன் இல்லை, அதைப் போலவே இருக்கும் நெஃப்ரோலெப்பிஸ் கார்டிஃபோலியா என்ற வேறு ஃபெர்ன். தென்னாப்பிரிக்காவில் அது ஆக்கிரமிப்புச் செடி என்று பட்டியலில் உள்ளது. அப்படியானால் அதைத் தொட்டிக்குள்ளேயே வைத்துக்கொள்ளுங்கள். யாருக்கும் பிரித்துக் கொடுக்க வேண்டாம், மிச்ச வேரை ஓடைப் பக்கம் கொட்டவும் வேண்டாம்.