இணை விலகிவிட்டால் எல்லாம் போச்சா? – வாசகர் கேள்வி பதில்

குளிர்கால ஒலிம்பிக்ஸ் பற்றிக் கேள்விகள் வந்துகொண்டே இருக்கின்றன. அதில் பெரும்பாலானவை ஜோடி ஸ்கேட்டிங் பற்றியவை, அதனால் இந்த இதழ் முழுக்க அதற்கே.

கேள்வி: டிவியில் ஜோடி ஸ்கேட்டிங் என்று ஒரு நாள் காட்டுகிறார்கள், ஐஸ் டான்ஸ் என்று இன்னொரு நாள். இரண்டிலும் ஒரு ஆண், ஒரு பெண், இசை. என்னதான் வித்தியாசம்? (சேலத்திலிருந்து ஒரு வாசகர்)

ஆண் கையை முழுக்க நீட்டிப் பெண்ணைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்தால் (இப்படித் தூக்குவதுதான் லிஃப்ட்) அது ஜோடி ஸ்கேட்டிங். ஐஸ் டான்ஸில் அதற்கு அனுமதி கிடையாது, தூக்கி எறியவும் கூடாது. அங்கே கால் வேலையும் தாளமும்தான் பேசும். ஜோடியில் பெண்ணை எறிவார்கள், அதற்கு த்ரோ என்று பெயர், அவர் காற்றில் மூன்று சுற்று சுற்றி ஒற்றைக் காலில் இறங்குவார். ட்விஸ்ட் என்று ஒன்று உண்டு, மேலே விட்டு, சுழன்று வருபவரை இடுப்பில் பிடிப்பது. இது போதாதென்று இருவரும் பக்கத்தில் பக்கத்தில் ஒரே நேரத்தில் தாவ வேண்டும். முதல் நாள் ஷார்ட் ப்ரோக்ராம் என்ற குறுகிய ஆட்டம், அடுத்து ஃப்ரீ ஸ்கேட் என்ற நீண்ட ஆட்டம், இரண்டு மதிப்பெண்ணையும் கூட்டித்தான் முடிவு.

கேள்வி: ஜோடியில் ஒருவர் விழுந்தால் இருவருக்கும் மதிப்பெண் போகிறது. ஒருவர் ஓய்வு பெற்றால் மற்றவர் வாழ்க்கையும் முடிந்துவிடுமா? இது அநியாயமாக இல்லையா? (நாகர்கோவிலிலிருந்து ஒரு வாசகி)

அநியாயம்தான். தெரிந்தேதான் இதில் இறங்குகிறார்கள். ஒருவருடைய கதையை மட்டும் கொஞ்சம் நீளமாகச் சொல்கிறேன், ஏனென்றால் நீங்கள் கேட்டது எல்லாமே அவருக்கு நடந்திருக்கிறது.

அல்யோனா சாவ்சென்கோ. உக்ரைனில் கீவ் நகருக்குத் தெற்கே ஒபூகிவ் என்ற சிற்றூரில் 1984-ல் பிறந்தவர், சின்னக் குழந்தையாக உறைந்த ஏரியின் மேல் சறுக்கிப் பழகியவர். ஸ்டானிஸ்லாவ் மொரோசோவுடன் சேர்ந்து 2000-ல் ஜூனியர் உலகப் பட்டம் வாங்கினார். 2002 சால்ட் லேக் சிட்டி ஒலிம்பிக்ஸில் 15-ஆம் இடம். அதற்கப்புறம் அந்த ஜோடி பிரிந்தது. தனியாக ஆடுபவராக இருந்தால் அடுத்த நாளே ரிங்குக்கு (சறுக்கும் பனித்தளத்துக்கு) போய்ப் பயிற்சியைத் தொடரலாம். இவரால் முடியாது, பிடிக்க ஆள் இல்லாமல் லிஃப்ட்டும் இல்லை, ட்விஸ்ட்டும் இல்லை. 2003-ல், இருபது வயதுகூட ஆகாத பெண், இணை தேடி ஜெர்மனிக்குப் போனார். கெம்னிட்ஸ் நகரில் இங்கோ ஷ்டாயர் என்ற பயிற்சியாளர், அவரே 1997-ல் ஜோடிப் பிரிவில் உலகச் சாம்பியன். அவரிடம் ராபின் ஸோல்கோவி இருந்தார், தன் பழைய இணை விலகிப்போனதால் அவரும் ஆள் இல்லாமல்தான் நின்றார்.

அந்த இருவரும் சேர்ந்து செய்ததைப் பாருங்கள். 2008, 2009, 2011, 2012, 2014 என ஐந்து உலகப் பட்டங்கள். 2012-ல் பிரான்ஸின் நீஸ் நகரில் ரஷ்யாவின் வோலோசோஷார், த்ரான்கோவ் ஜோடியை 0.11 புள்ளியில் முந்தினார்கள். ஆனால் ஒலிம்பிக்ஸில் மட்டும் தங்கம் கைக்கு வரவில்லை. 2006 டூரினில் ஆறாம் இடம், 2010 வான்கூவரில் வெண்கலம், 2014 சோச்சியில் மறுபடி வெண்கலம். சோச்சியில் ஃப்ரீ ஸ்கேட்டின் கடைசியில் த்ரோ ட்ரிபிள் ஆக்ஸல் வைத்திருந்தார்கள், எறியப்பட்டவர் காற்றில் மூன்றரை சுற்று சுற்ற வேண்டிய, மிகக் கடினமான ரகங்களில் ஒன்று. உடம்பில் தெம்பு தீர்ந்துபோன அந்த நேரத்திலும் அதை முயன்று சாவ்சென்கோ கீழே விழுந்தார். எளிதான ஒன்றை வைத்துக்கொண்டு பாதுகாப்பாக முடித்திருக்கலாமே என்று சொல்பவர்கள் உண்டு, நான் அப்படி நினைக்கவில்லை. எளிதானதைத் தேர்ந்தெடுக்கும் குணம் இருந்திருந்தால் அவர் ஒபூகிவை விட்டே கிளம்பியிருக்க மாட்டார்.

இதில் ஒரு விஷயம் என்னை ரொம்ப நாள் யோசிக்க வைத்தது. சோச்சியில் தங்கம் வாங்கிய தத்யானா வோலோசோஷார் யார் தெரியுமா? சாவ்சென்கோவின் பழைய இணை மொரோசோவ் அடுத்ததாகச் சேர்ந்து ஆடிய உக்ரைன் பெண். பிறகு ரஷ்யா போய் த்ரான்கோவுடன் சேர்ந்தார், மொரோசோவ் பயிற்சி தரும் பக்கம் போய்விட்டார். ஜோடி ஸ்கேட்டிங் உலகம் அவ்வளவு சின்னது. நேற்று உங்கள் கையைப் பிடித்தவர் இன்று எதிர்ப்பக்கத் தடுப்பருகே நிற்பார்.

2014-ல் ஐந்தாவது உலகப் பட்டத்தோடு ஸோல்கோவி ஓய்வு பெற்றார். சாவ்சென்கோவுக்கு முப்பது வயது. இங்கே நிறுத்தியிருந்தாலும் பெரிய பெயர்தான். அவர் ப்ரூனோ மாஸோ என்ற பிரெஞ்சுக்காரரைத் தேடிப் பிடித்தார், தன்னைவிட ஐந்து வயது இளையவர், பெரிய பதக்கம் எதுவும் கையில் இல்லாதவர். பிரெஞ்சு ஸ்கேட்டிங் சம்மேளனம் அவரை விடமாட்டேன் என்றது. ஒரு சீசன் முழுவதும் இருவரும் ஒரு போட்டியில்கூட இறங்க முடியாமல், ஓபர்ஸ்டார்ஃப் ரிங்கில் அலெக்சாண்டர் கோனிக்கிடம் பயிற்சி மட்டும் செய்துகொண்டிருந்தார்கள். 2015-ன் பிற்பகுதியில்தான் அனுமதி வந்தது. 2016 உலகப் போட்டியில் வெண்கலம், 2017-ல் வெள்ளி.

அப்புறம் 2018 பிப்ரவரி, பியோங்சாங் ஒலிம்பிக்ஸ். ஷார்ட் ப்ரோக்ராமில் சால்கோவ் என்ற தாவலை மூன்று சுற்றாகத் தாவ வேண்டிய இடத்தில் மாஸோ இரண்டே சுற்றில் இறங்கிவிட்டார். 76.59, நான்காம் இடம். முதலிடத்தில் இருந்த சீனாவின் சுய் வென்ஜிங், ஹான் சோங் ஜோடி 82.39, கிட்டத்தட்ட ஆறு புள்ளி மேலே. சாவ்சென்கோவுக்கு இது ஐந்தாவது ஒலிம்பிக்ஸ், மூன்றாவது ஒலிம்பிக் இணை, 34 வயது, தவறு தன்னுடையதும் இல்லை. நீங்கள் கேட்ட அநியாயம் இதுதானே, வாசகி? அந்த ராத்திரி அவர் மாஸோவைக் குறை சொல்லியிருந்தால் மறுநாள் ஆட்டம் அங்கேயே செத்திருக்கும். த்ரோ ஜம்ப்பில் தன்னை எறியப்போகும் கை நடுங்கினால் விழப்போவது அவர்தான். அதனால் இந்த விளையாட்டில் இணையை மன்னிப்பதும் பயிற்சியில் சேர்ந்த விஷயம் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

மறுநாள், பிப்ரவரி 15, அவர்கள் ஆடிய ஃப்ரீ ஸ்கேட்டை முடிந்தால் தேடிப் பாருங்கள். ஐஸ் டான்ஸ் மேதை கிறிஸ்டஃபர் டீன் அமைத்துக் கொடுத்த நடனம். த்ரோ ட்ரிபிள் ஃப்ளிப் என்ற மூன்று சுற்று எறிதலில் சாவ்சென்கோ போகும் தூரமும், இறங்கியபின் வேகம் குறையாமல் பின்னோக்கி ஓடும் வளைவும், ஒரு லிஃப்ட் எங்கே முடிந்து அடுத்த அசைவு எங்கே தொடங்கியது என்று தெரியாத ஓட்டமும், எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு அலுக்கவில்லை. 159.31, அன்றைய உலக சாதனை. மொத்தம் 235.90. பிறகு மற்ற ஜோடிகள் ஆடி முடிக்கும்வரை காத்திருக்க வேண்டும். ஷார்ட்டில் இரண்டாம் இடத்தில் இருந்த ரஷ்ய ஜோடி தராசோவா, மொரோசோவ் (இவர் வேறு மொரோசோவ்) நான்காம் இடத்துக்கு இறங்கியது. அவர்களின் பயிற்சிக் குழுவில் இருந்தவர் ராபின் ஸோல்கோவி, ஆமாம், அதே ராபின்தான். சீன ஜோடிக்கு 235.47 வந்தது. வித்தியாசம் 0.43. 1952-ல் ரியா, பவுல் ஃபால்க் தம்பதி வென்றதற்குப் பிறகு ஜோடி ஸ்கேட்டிங்கில் ஜெர்மனிக்குக் கிடைத்த தங்கம் அது. அடுத்த மாதமே மிலானில் உலகப் பட்டம், சாவ்சென்கோவுக்கு ஆறாவது.

ஆக, இணை போனால் வாழ்க்கை முடியுமா என்றால், நிறையப் பேருக்கு முடிந்துதான் போகிறது, பெயர்கூட நமக்குத் தெரியாமல். இவருக்கு முடியவில்லை.

கேள்வி: உக்ரைன் பெண்ணும் பிரெஞ்சு ஆணும் ஜெர்மனிக்காகத் தங்கம் வாங்குகிறார்கள். பதக்கத்துக்காக நாடு மாறுவது சரியா? (கோவையிலிருந்து ஒரு வாசகர்)

முதலில் விதி. உலகப் போட்டியில் இருவரில் ஒருவர் அந்த நாட்டின் குடிமகனாக இருந்தால் போதும். ஒலிம்பிக்ஸில் இருவருக்கும் குடியுரிமை கட்டாயம். மாஸோ அதற்காக ஜெர்மன் மொழித் தேர்வு எழுதினார், முதலில் தேறவில்லை, கடைசியில் 2017-ன் இறுதியில்தான் பாஸ்போர்ட் கிடைத்தது, ஒலிம்பிக்ஸுக்குச் சில மாதங்களே இருந்தபோது.

இப்போது என் கருத்து. இதை நான் துரோகமாகப் பார்க்கவே இல்லை. நல்ல இணை என்றால் திறமை மட்டும் போதாது, உயர வித்தியாசம் பொருந்த வேண்டும், இருவரும் ஒரே திசையில் சுழல்பவர்களாக இருப்பது நல்லது, லிஃப்ட்டில் அனுபவம் வேண்டும், தினமும் பல மணி நேரம் ஒருவரை ஒருவர் சகித்துக்கொள்ளவும் வேண்டும். இத்தனையும் ஒத்துவரும் ஆள் ஒரே நாட்டுக்குள் கிடைப்பது அதிர்ஷ்டம். எனக்குக் கோபம் வருவது சம்மேளனங்கள் மேல்தான். தானும் பயன்படுத்தாத ஒரு வீரரை வருடக்கணக்கில் பிடித்து வைப்பதால் யாருக்கு லாபம்? முப்பது வயதில் ஒரு சீசன் போனால் திரும்பி வராது.

கேள்வி: பெண்ணைத் தூக்கி எறிவதைப் பார்த்தாலே பயமாக இருக்கிறது. அடிபடாதா? (புதுச்சேரியிலிருந்து ஒரு வாசகி)

படும், மோசமாகவே படும். 2004 அக்டோபரில் பிட்ஸ்பர்க்கில் ரஷ்யாவின் மாக்ஸிம் மரினின் லிஃப்ட்டின்போது தடுமாற, தத்யானா தோத்மியானினா தலை பனியில் மோத விழுந்து நினைவிழந்தார். ஒன்றரை வருடத்துக்குள் அதே ஜோடி டூரினில் ஒலிம்பிக் தங்கம் வாங்கியது. விழுந்தவர் உடம்பு தேறியதைவிட, விழவைத்தவர் மறுபடி கையை உயர்த்தத் துணிந்ததுதான் பெரிது என்று எனக்குப் படும். அதே டூரினில் சீனாவின் ஜாங் டான் நான்கு சுற்று த்ரோவில் விழுந்து முழங்காலில் அடிபட்டு, சில நிமிடத்தில் எழுந்து வந்து ஆடி வெள்ளி வாங்கினார். அந்த வீரத்தை எல்லோரும் கொண்டாடினார்கள். எனக்கு அதைப் பார்க்கும்போது இன்றும் மனசு பதறும், வலியோடு ஆடுவதை ஒரு தகுதியாகவே குழந்தைகளுக்குச் சொல்லிக் கொடுத்துவிடுவோமோ என்று.

கேள்வி: நாங்கள் கனடாவில் டொரோண்டோவில் இருக்கிறோம். பேத்திக்குப் பன்னிரண்டு வயது, தனியாக ஆடிக்கொண்டிருந்தாள். இப்போது அவளுடைய கோச் ஜோடியில் சேரச் சொல்கிறார். மகளுக்கு ஆசை, எனக்குப் பயம். என்ன செய்யலாம்? (ஒரு அம்மம்மா)

அம்மா, உங்கள் பயம் நியாயமானது. அவசரம் ஒன்றும் இல்லை என்பதை முதலில் மகளிடம் சொல்லுங்கள். சர்வதேச சீனியர் போட்டிகளில் இறங்க இப்போது 17 வயது ஆகியிருக்க வேண்டும். தாமதமாக ஜோடிக்கு வந்தவர்கள் நிறையப் பேர். அமெரிக்காவில் பிறந்த டியானா ஸ்டெல்லாட்டோ-டூடெக் பதின்வயதிலேயே தனி ஆட்டத்தை விட்டுவிட்டு, பல வருடம் வேலைக்குப் போய்விட்டு, முப்பதைத் தாண்டித் திரும்பி வந்து ஜோடிக்கு மாறினார். மக்ஸிம் தேஷானுடன் சேர்ந்து 2024-ல் மொண்ட்ரியாலில், நாற்பது வயதில், கனடாவுக்காக உலகப் பட்டம் வாங்கினார். உங்கள் ஊருக்குப் பக்கத்து ஓக்வில்லில் பயிற்சி எடுத்த ஜப்பான் ஜோடி மியூரா, கிஹாரா கதையும் அப்படித்தான். கிஹாரா வேறு இரண்டு இணைகளோடு இரண்டு ஒலிம்பிக்ஸ் ஆடியும் பெரிதாக ஒன்றும் அமையாமல், 2019-ல் விட்டுவிடலாம் என்ற நிலையில் நாகோயா ரிங்க் ஒன்றில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். மியூரா கேட்டதால் திரும்பி வந்தார். 2023-ல் ஜப்பானின் முதல் ஜோடி உலகப் பட்டம்.

கோச்சிடம் கேட்க வேண்டியவை சில இருக்கின்றன. லிஃப்ட்டைப் பனியில் செய்யும் முன் தரையில், மெத்தை மேல் எவ்வளவு காலம் பழக்குவார்? அந்தப் பையன் இதற்கு முன் யாரையாவது தூக்கியிருக்கிறானா, இல்லை உங்கள் பேத்தியை வைத்துத்தான் கற்றுக்கொள்ளப் போகிறானா? இரண்டு பேருமே புதியவர்கள் என்றால் நான் சம்மதிக்க மாட்டேன். அடுத்தது சாப்பாடு. இவள் வளரும் வயதில் இருக்கிறாள், உயரமும் எடையும் கூடத்தான் செய்யும். தூக்கச் சுலபமாக இருக்க வேண்டும் என்று யாராவது அவளைக் குறைத்துச் சாப்பிடச் சொன்னால் அன்றைக்கே அந்த ரிங்கை விட்டு வெளியே கூட்டி வந்துவிடுங்கள். அதற்கப்புறம் அவளிடமே கேளுங்கள், கோச்சும் அம்மாவும் பக்கத்தில் இல்லாத நேரமாகப் பார்த்து, அந்தப் பையனோடு ஆட அவளுக்குப் பிடித்திருக்கிறதா, இன்றைக்கு லிஃப்ட் வேண்டாம் என்று சொன்னால் அவன் கேட்பானா என்று. அவள் தயங்கினால் இன்னும் ஒரு வருடம் தனியாகவே ஆடட்டும்.