படி எத்தனை தெரிகிறது? ‘டேம்ப் ப்ரூஃப்’ பற்றி ஒரு பதில்

கேள்வி: கடலூர் திருப்பாதிரிப்புலியூரில் 2003-ல் கட்டிய வீடு. 2024 நவம்பர் கடைசியில் வந்த ஃபெஞ்சல் புயல் மழைக்குப் பிறகு, முன்னறைச் சுவரில் தரையிலிருந்து இரண்டடி உயரத்துக்குப் பெயின்ட் பொரிந்து உதிர்கிறது. பெருக்கினால் வெள்ளைத் தூளாக வருகிறது. ஒருவர் ‘டேம்ப் ப்ரூஃப்’ செய்ய 85,000 ரூபாய் கேட்கிறார். இன்னொருவர் ‘வாட்டர் ப்ரூஃப்’ என்று எழுதி 60,000 கேட்கிறார். இரண்டும் ஒன்றுதானா? எதைச் செய்வது? கட்டிய புதிதில் மூன்று படி ஏறி வீட்டுக்குள் வருவோம். ரோடு உயர்ந்தது, நாங்களும் மண் கொட்டி வாசலை உயர்த்தினோம். இப்போது அரைப்படிதான் மிச்சம். (ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர்)

பதில்:

அம்மா, உங்கள் கேள்விக்கான விடையைக் கடிதத்தின் கடைசி வரியில் நீங்களே எழுதிவிட்டீர்கள். அதற்கு வருகிறேன். முதலில் அந்த இரண்டு சொற்களைப் பார்த்துவிடலாம். ஏனென்றால் 25,000 ரூபாய் வித்தியாசம் அந்தச் சொற்களில் இல்லை.

டேம்ப் என்பதற்கு நம் கொத்தனார்களிடம் நல்ல சொல் இருக்கிறது: ஓதம். ‘சுவர் ஓதம் அடிக்குது’ என்பார்கள். பழந்தமிழில் ஓதம் என்றால் கடலலை, கடல் நீர்ப்பெருக்கு. தேவனாம்பட்டினம் கரையில் அடிக்கும் அந்தச் சொல்தான் உங்கள் முன்னறைச் சுவரிலும் நிற்கிறது. ஆனால் சுவரில் வரும் ஓதம் அலைபோல வந்து மோதுவதில்லை. மண்ணில் இருக்கும் ஈரத்தைச் செங்கல்லின் கண்ணுக்குத் தெரியாத துளைகள் உறிஞ்சி மேலே ஏற்றுகின்றன. மழைநாளில் வேட்டி நுனி குட்டையில் பட்டால் கெண்டைக்கால் வரை ஈரம் ஏறுகிறதே, அதேதான். யாரும் தள்ள வேண்டாம், தானாகவே ஏறும்.

இப்படித் தள்ளாமல் ஊறி வரும் ஈரத்தை நிறுத்துவது டேம்ப் ப்ரூஃப். தேங்கி நின்று அழுத்துகிற தண்ணீரை நிறுத்துவது வாட்டர் ப்ரூஃப். தரைக்குக் கீழே இருக்கும் தண்ணீர்த் தொட்டி (சம்ப்), மொட்டை மாடி, குளியலறைத் தளம் இவற்றுக்கெல்லாம் இரண்டாவது வேண்டும். சுவருக்கு அடியில் முதலாவது போதும். வாட்டர் ப்ரூஃப் பொருள் ஓதத்தையும் தடுக்கும். டேம்ப் ப்ரூஃப் பொருளை சம்புக்குள் பூசினால் கசியும். டப்பாக்களில் ‘ரெசிஸ்டண்ட்’, ‘ரெப்பெல்லன்ட்’ என்றும் போட்டிருக்கும். கொஞ்ச நேரம் தாக்குப்பிடிக்கும் என்பதற்கு மேல் அந்தச் சொற்களுக்கு அர்த்தம் இல்லை.

ஆக, இரண்டும் ஒன்றல்ல. ஆனால் உங்களிடம் வந்த இரண்டு பேரும் அந்த வித்தியாசத்தை மனதில் வைத்து எழுதியிருக்க மாட்டார்கள். இரண்டு கொட்டேஷனிலும் இருப்பது அநேகமாக ஒரே வேலைதான்: உள்பக்கம் சுரண்டி, ஒரு ரசாயனப் பூச்சு அடித்து, பட்டி பார்த்து, மேலே பெயின்ட். பேரை மட்டும் மாற்றி எழுதியிருப்பார்கள்.

உண்மையான டேம்ப் ப்ரூஃப் உங்கள் வீட்டில் ஏற்கெனவே இருக்க வேண்டும். கடக்கால் எழுப்பி, பேஸ்மட்டம் முடிந்து, சுவர் தொடங்குவதற்கு முன்னால் ஒரு படலம் போடுவார்கள். சைட்டில் அதை டி.பி.சி. (டேம்ப் ப்ரூஃப் கோர்ஸ்) என்பார்கள். ஒன்றரை இரண்டு அங்குலக் கனத்தில், நீர்த்தடுப்புக் கலவை சேர்த்த கான்கிரீட். காய்ந்ததும் அதன் மேல் சூடான தார் இரண்டு கை. வெளித்தரையிலிருந்து குறைந்தது ஆறு அங்குலம் மேலே அது இருக்க வேண்டும். கீழேயிருந்து ஏறிவரும் ஈரம் அதில் முட்டி நின்றுவிடும். சுவருக்கு அடியில் ஓடும் கான்கிரீட் பட்டை, பிளிந்த் பீம், போட்டிருக்கிறோமே, அது போதாதா என்பார்கள். போதாது. கான்கிரீட்டும் ஈரம் குடிக்கும், செங்கல்லைவிட மெதுவாகக் குடிக்கும், அவ்வளவுதான். அரசுக் கட்டட எஸ்டிமேட்டில் டி.பி.சி.க்குத் தனி வரியே இருக்கும். தனியார் வீட்டு ஒப்பந்தங்களில் அந்த வரியைத் தேடித்தான் பார்க்க வேண்டும். பிளான் அப்ரூவலுக்குப் போனால் பக்கவாட்டில் எத்தனை அடி விட்டீர்கள் என்று பார்ப்பார்கள். தார் பூசினீர்களா என்று யாரும் கேட்பதில்லை.

சரி, உங்கள் படிக்கு வருவோம். மூன்று படி என்றால் ஒன்றரை அடி. அரைப்படி என்றால் மூன்று அங்குலம். டி.பி.சி. ஒழுங்காகவே போட்டிருந்தாலும், வெளிமண் அதன் கழுத்து வரை வந்துவிட்டது. அது போதாதென்று, வெளிப்பக்கச் சிமெண்ட் பூச்சு மேலிருந்து மண்ணுக்குள் வரை ஒரே இழுப்பாக இறங்கியிருக்கும். ஈரம் டி.பி.சி.யை உடைக்க வேண்டியதில்லை. பூச்சு வழியாகச் சுற்றிக்கொண்டு மேலே போய், உள்ளே திரும்பிவிடும். பூட்டிய கதவுக்குப் பக்கத்தில் ஏணி சாத்தி வைத்தது போல.

இது உங்கள் தவறில்லை. ரோட்டைச் சுரண்டி எடுத்துவிட்டுத்தான் புது ரோடு போட வேண்டும், மேலே மேலே போடக் கூடாது என்று 2021-ல் தலைமைச் செயலாளரே அதிகாரிகளுக்கு எழுதினார். நம் ஊர்த் தெருக்களில் நடந்து பாருங்கள். பழைய வீடுகளின் திண்ணை ரோட்டு மட்டத்தில் இருக்கிறது, சில வீட்டுக்குள் இறங்கிப் போக வேண்டியிருக்கிறது. தானே புயல், 2015 வெள்ளம், ஃபெஞ்சல் என்று ஒவ்வொரு முறையும் தண்ணீர் உள்ளே வந்ததும், அவரவர் வாசலை மண் போட்டு உயர்த்திக்கொள்கிறோம். ரோட்டுக்குப் பயந்து நம் சுவரை நாமே புதைக்கிறோம்.

இப்போது உள்பக்கப் பூச்சு ஏன் கூடாது என்று சொல்லிவிடுகிறேன். ஏறிவந்த ஈரம் சுவர் முகத்தில் ஆவியாகிப் போகிறது. போகும்போது மண்ணிலிருந்து கொண்டுவந்த உப்பை அங்கே விட்டுவிட்டுப் போகிறது. நீங்கள் பெருக்கும் வெள்ளைத் தூள் அதுதான். அந்த முகத்தை ரசாயனத்தால் மூடினால் ஈரம் திரும்பிப் போகாது, இன்னும் மேலே ஏறி வழி தேடும். மஞ்சக்குப்பத்தில் ஒரு வீட்டில் மூன்றடி வரை பூசிவிட்டுப் பெருமையாகக் காட்டினார்கள். அடுத்த மழைக்கு நாலடியில் புதுக் கோடு. அங்கே சுவிட்ச் பாக்ஸ் இருந்தது. தொட்டால் கை சுருக்கென்றது. அதன் பிறகுதான் என்னைக் கூப்பிட்டார்கள்.

அப்படியானால் ஏன் எல்லாரும் இதையே விற்கிறார்கள்? வெளியே மண் வெட்டினால் யாருக்கும் கமிஷன் இல்லை, அதனால்தான். பெயின்ட் டப்பாவைத் திறந்தால் உள்ளே பெயின்டருக்கு டோக்கன் இருக்கும். டப்பா கூடினால் டோக்கன் கூடும். பெயின்டர்மேல் எனக்குக் கோபம் இல்லை, அவர் கூலி அப்படி. ஆனால் நோய் என்னவென்று மருந்துக்கடையில் கேட்காதீர்கள். இன்னொன்று, ‘பத்து வருஷ வாரண்டி’. அந்தத் தாளை வாங்கிக் கடைசிப் பத்தியைப் படியுங்கள். தரையிலிருந்து ஏறும் ஓதத்துக்குப் பொருந்தாது என்று பெரும்பாலும் அங்கே பொடி எழுத்தில் இருக்கும். ஆசிரியை நீங்கள், படிக்கச் சலிக்க மாட்டீர்கள்.

செலவில்லாத ஒரு சோதனை. பொரிந்த இடத்துக்குக் கொஞ்சம் மேலே, பெயின்ட்டைச் சுரண்டிவிட்டு, ஓரடிக்கு ஓரடி பாலித்தீன் தாளை நாலு பக்கமும் டேப் போட்டு ஒட்டுங்கள். இரண்டு நாள் விடுங்கள். தாளின் உள்பக்கம், அதாவது சுவரைப் பார்த்த பக்கம், முத்து முத்தாக வேர்த்திருந்தால் ஈரம் சுவரிலிருந்து வருகிறது. அறைப்பக்கம் வேர்த்திருந்தால் அது அறைக்குள் தங்கிய காற்றின் ஈரம், ஜன்னலைத் திறந்தாலே பாதி சரியாகும்.

சுவரிலிருந்துதான் வருகிறது என்று தெரிந்தால், வேலை வெளியில் தொடங்க வேண்டும். கொத்தனாரிடம் டியூப் லெவல், அதாவது தண்ணீர் நிரப்பி மட்டம் பார்க்கும் குழாய், இருக்கும். வீட்டுத் தரை மட்டத்தை வெளிச்சுவரில் கோடு போடச் சொல்லுங்கள். அந்தக் கோட்டிலிருந்து ஓரடி கீழே வரை, சுவரை ஒட்டி ஓரடி அகலத்துக்கு மண்ணை எடுக்க வேண்டும். கடக்கால் தெரியும்வரை தோண்ட வேண்டாம். கோட்டுக்குக் கீழே இருக்கும் வெளிப்பூச்சைக் கொத்தி எடுத்துவிட்டால் ஏணி போய்விட்டது. அப்புறம் பள்ளத்தை ஜல்லியால் நிரப்பி, தண்ணீர் வடிய ஒரு பக்கம் வாட்டம் வைத்து, மழைநீர்க் குழியில் சேர்த்துவிடுங்கள். வாட்டம் இல்லாவிட்டால் அது அகழி. ஜல்லிமேல் டைல்ஸ் ஒட்டலாமா என்று கேட்பார்கள், விடாதீர்கள்.

தோண்டும்போதே டி.பி.சி. இருக்கிறதா என்று தெரிந்துவிடும். தார்க்கோடு கறுப்பாகத் தெரியும். இல்லவே இல்லை என்றால், சுவரின் அடிவரிசைச் சாந்தில் வரிசையாகத் துளை போட்டு ஈரத்தடுப்புக் களிம்பை ஏற்றும் முறை இருக்கிறது. அதைச் செய்து பழகியவரிடம் மட்டும் கொடுங்கள்.

உள்ளே, ஈரக்கோட்டுக்கு ஓரடி மேல் வரை பூச்சை உரித்துவிடுங்கள். செங்கல்லில் பூக்கும் உப்பை உலர்ந்த பிரஷ்ஷால் தட்டி, முறத்தில் பிடித்து வெளியே கொட்ட வேண்டும். தண்ணீர் ஊற்றிக் கழுவினால் உப்பு கரைந்து திரும்ப உள்ளே போய்விடும். அப்புறம் காயவிட வேண்டும். இங்கேதான் எல்லாருக்கும் பொறுமை போய்விடுகிறது. சுவர் காய்வதற்கு அங்குலத்துக்கு ஒரு மாதம் என்று ஒரு கணக்கு உண்டு. உங்களுடையது ஒன்பது அங்குலச் சுவராகத்தான் இருக்கும். அதுவரை செங்கல் தெரியுமே என்றால் சுண்ணாம்பு வெள்ளை அடித்துக்கொள்ளுங்கள், அது ஈரத்தை வெளியே விடும். திரும்பப் பூசும்போது நீர்த்தடுப்புக் கலவை சேர்க்கலாம். டப்பாவில் ஐ.எஸ். 2645 என்ற இந்தியத் தர எண் இருக்கிறதா பாருங்கள், சிமெண்ட் மூட்டைக்கு எவ்வளவு என்று அதில் எழுதிய அளவு மட்டும். ‘கொஞ்சம் தாராளமா ஊத்துறேன்மா’ என்று கொத்தனார் அன்பாகச் சொன்னால் தடுத்துவிடுங்கள். அளவு கூடினால் பூச்சு பலம் இழக்கும்.

ஒரே ஒரு விதிவிலக்கு. உங்களுக்குப் பொருந்தாது, ஆனாலும் சொல்லாமல் விட மனம் இல்லை. கடலூர் ஓ.டி.யிலும் (பழைய நகரம்) புதுச்சேரியின் பழைய தெருக்களிலும் சுண்ணாம்புச் சாந்தில் கட்டிய தடித்த சுவர்கள் நிறைய. அந்தக் காலத்தில் டி.பி.சி.யே கிடையாது. அந்தச் சுவர்கள் ஈரத்தைத் தடுத்து வாழவில்லை, குடித்த ஈரத்தை மூச்சுவிட்டு வாழ்கின்றன. ஐப்பசி கார்த்திகையில் குடிக்கும், மாசி பங்குனியில் விட்டுவிடும். அடியில் கொஞ்சம் உதிரும், வருஷா வருஷம் வெள்ளையடித்தால் சரி. இந்தச் சுவரில் சிமெண்ட் பூசினாலோ, எனாமல் அடித்தாலோ, டேம்ப் ப்ரூஃப் என்று எதையாவது தடவினாலோ, மூக்கையும் வாயையும் பொத்தியது போல. ஈரம் உள்ளேயே தங்கி, சுண்ணாம்புச் சாந்து மாவாகிவிடும். வெளியே பளபளவென்று இருக்கும். தட்டிப் பார்த்தால் பொத்தென்று சத்தம் வரும். பாட்டி வீட்டை வாங்கி விடுதி ஆக்கும் பிள்ளைகள் முதலில் செய்வது இதைத்தான். பெயின்ட் கடைக்காரரும் ‘இந்தச் சுவருக்கு வேண்டாம்’ என்று சொல்லப்போவதில்லை. அந்த வீடுகளுக்குச் சுண்ணாம்புதான். சுண்ணாம்பு வேலை தெரிந்த மேஸ்திரி கிடைப்பது கஷ்டம். தேடுங்கள்.

உங்கள் கொட்டேஷனுக்கு வருகிறேன். இரண்டையும் திருப்பிக் கொடுத்து, ‘டேம்ப் ப்ரூஃப்’, ‘வாட்டர் ப்ரூஃப்’ என்ற சொற்களை அடித்துவிட்டு எழுதச் சொல்லுங்கள்: எந்தப் பக்கம், தரைமட்டத்துக்கு மேலா கீழா, என்ன பொருள், எத்தனை மில்லிமீட்டர், எத்தனை நாள் காயவிட்டு. எழுதத் தயங்குகிறவர் விலை குறைத்தாலும் வேண்டாம்.

தை பிறந்ததும் வெளிமண்ணை எடுங்கள், உள்பூச்சை உரியுங்கள். ஐப்பசியில் மழை தொடங்கும்போது சுவரில் புதுக் கோடு ஏறுகிறதா என்று பென்சிலால் குறித்து வையுங்கள். ஏறாவிட்டால், பூச்சும் பெயின்ட்டும் அதற்கடுத்த தையில்.