சபை மாறலாமா?

கேள்வி: பாட்டி காலத்திலிருந்தே எங்களுக்கு ஒரே சபைதான், தென்னிந்தியத் திருச்சபை. கமிட்டித் தேர்தல் வந்தால் அடிதடி. தண்டையார்பேட்டையில் ஒரு மாடியில் நடக்கும் பெந்தெகொஸ்தே சபைக்குப் போகலாம் என்கிறார் கணவர். அங்கே மறுபடி முழுக்கு ஞானஸ்நானம் எடுக்க வேண்டுமாம்.
- வாசகி, ராயபுரம்

பதில்: தேர்தல் சண்டைக்காக என்றால், நானாக இருந்தால் கிளம்ப மாட்டேன். சந்தா கட்டுகிற உங்களுக்கும் ஓட்டு உண்டே அம்மா, போட்டீர்களா? முழுக்கு வேறு விஷயம். குழந்தையில் பெற்ற ஞானஸ்நானம் செல்லாது என்பது அவர்கள் கொள்கை. பல மரபுகள் சேர்ந்து 1947இல் உருவான தென்னிந்தியத் திருச்சபையோ ஒருமுறை கொடுத்ததைத் திரும்பக் கொடுப்பதில்லை. பெந்தெகொஸ்தேக்காரர்கள் சொல்வதை நீங்கள் நம்புகிறீர்களா? கணவருக்காகத் தலையாட்டாதீர்கள். போவதென்று முடிவானால் ஆயரிடம் நேரில் சொல்லிவிட்டு, பிள்ளைகளின் ஞானஸ்நானச் சான்றிதழ்களை வாங்கிக்கொள்ளுங்கள், கல்யாணத்தின்போது கேட்பார்கள்.