அரசியல் நிர்ணய சபை ஏடுகள்: வாசகர் கேள்விகள்

இந்திய அரசியல் சட்டம் உருவான கதையை, அதை இயற்றிய அரசியல் நிர்ணய சபையின் விவாத ஏடுகளிலேயே படிக்க முயலும் வாசகர்களிடமிருந்து வந்த கேள்விகளில் சில.

கேள்வி: அடிப்படை உரிமை மீறப்பட்டால் உச்ச நீதிமன்றத்தை நாட வழிசெய்யும் 32ஆம் பிரிவை அம்பேத்கர் அரசியல் சட்டத்தின் ஆன்மா என்றாராம். விவாதத் தொகுதியில் 32ஐத் தேடினால், வேலை பெறும் உரிமை பற்றி என்னவோ வருகிறதே?

பதில்: எல்லோரும் ஒருமுறையாவது விழும் குழி இது. நானும் விழுந்திருக்கிறேன். சபையில் விவாதிக்கப்பட்டவை 1948 பிப்ரவரி வரைவின் எண்கள். இன்றைய எண்கள் கடைசிக் கட்டத்தில் வரிசை மாற்றியபோது வந்தவை. நீங்கள் தேடுவது வரைவின் 25ஆம் பிரிவு, 1948 டிசம்பர் 9ஆம் தேதி விவாதம். அதேபோல வரைவின் 11 இன்றைய 17 (தீண்டாமை ஒழிப்பு), அன்றைய 13 இன்றைய 19 (பேச்சுரிமை முதலியவை), அன்றைய 15 இன்றைய 21 (உயிர், தனிமனித சுதந்திரம்). இந்த நான்கையும் ஒரு சீட்டில் எழுதித் தொகுதிக்குள் செருகி வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: அரசியல் சட்டத்தை எழுதியது பி.என்.ராவ்தான், அம்பேத்கர் பெயரளவுக்குத்தான் என்று ஒருவர் வாதிடுகிறார். உண்மையா?

பதில்: பாதியைப் படித்துவிட்டுப் பேசுகிறார். சபையின் அரசியல் சட்ட ஆலோசகரான ராவ் தயாரித்த முதல் வரைவில் 243 பிரிவுகள், 13 அட்டவணைகள். அம்பேத்கர் தலைமையிலான வரைவுக் குழு அதைப் பிரித்துக் கோத்து, 315 பிரிவுகளும் 8 அட்டவணைகளுமாக வெளியிட்டது. நிறைவேறியபோது 395 பிரிவுகள். இடையில் வந்து குவிந்த திருத்தங்கள் சுமார் 7,635. சபையில் உண்மையில் முன்மொழியப்பட்டவை 2,473. அவற்றுக்கு நாள்தோறும் எழுந்து நின்று பதில் சொன்னவர் யார் என்று தொகுதிகளைப் புரட்டினாலே தெரியும்.

சபை உறுப்பினர் டி.டி.கிருஷ்ணமாச்சாரி 1948 நவம்பர் 5 அன்று சபையிலேயே போட்டு உடைத்தார்: வரைவுக் குழுவின் எழுவரில் ஒருவர் விலகினார், ஒருவர் இறந்தார், ஒருவர் அமெரிக்காவில், இன்னொருவர் அரசு வேலையில் மூழ்கிவிட்டார், ஓரிருவர் டெல்லிக்கு வெகு தொலைவில். ஆகவே சுமை அம்பேத்கர் தலையில் விழுந்தது என்றார். அம்பேத்கரோ 1949 நவம்பர் 25 அன்று, பெருமையில் ஒரு பங்கு ராவுக்குரியது என்றார். தலைமை வரைவாளர் எஸ்.என்.முகர்ஜியையும் மனமாரப் பாராட்டினார். உங்கள் நண்பரிடம் இரண்டு உரைகளையும் சேர்த்துக் கொடுங்கள்.

கேள்வி: இந்தி சபையில் ஒரே ஓட்டில் ஆட்சிமொழியாக ஜெயித்ததாக மேடைதோறும் கேட்கிறேன். எந்தப் பக்கத்தில் இருக்கிறது?

பதில்: எந்தப் பக்கத்திலும் இல்லை. சபையில் அப்படி ஓர் ஓட்டெடுப்பு நடக்கவில்லை. ஆனால் கதை காற்றில் முளைத்ததும் அல்ல. மொழிவாரி மாநிலங்கள் பற்றி 1955இல் எழுதிய சிறு நூலில், காங்கிரஸ் கட்சிக் கூட்டத்தில் நடந்ததாக அம்பேத்கரே இதைச் சொல்கிறார்: முதலில் 78க்கு 78, நெடுநேரம் கழித்து மறுபடி கேட்டபோது இந்திக்கு 78, எதிராக 77.

கட்சி அறையில் பேசி முடித்ததைப் பல நாட்கள் சபை வழிமொழிந்தது. அந்த அறைக்குள் சபையின் சுருக்கெழுத்தாளர் இல்லை. 1949 செப்டம்பர் 12 முதல் 14 வரை நடந்த மொழி விவாதத்தைப் படித்தால், எண்களை எந்த வடிவில் எழுதுவது என்பதற்குக்கூட அனல் பறப்பது தெரியும். சமரசம் பிறந்த விதம் மட்டும் பிடிபடாது. அதற்குக் கடிதங்களையும் நினைவுக் குறிப்புகளையும் துழாவ வேண்டும். மேடைப் பேச்சாளர் "சபையில்" என்பதை மட்டும் மாற்றிக்கொண்டால் போதும்.

கேள்வி: அசல் பிரதி யார் கையெழுத்து?

பதில்: ஆங்கிலப் பிரதி பிரேம் பிஹாரி நாராயண் ரைஜாதாவின் கையெழுத்து; ஓவியங்கள் நந்தலால் போஸும் சாந்திநிகேதன் கலைஞர்களும் தீட்டியவை. உறுப்பினர்கள் கையொப்பமிட்டது 1950 ஜனவரி 24இல். அன்று மேஜையில் இருந்தவை மூன்று பிரதிகள்: கையால் எழுதிய ஆங்கிலம், அச்சிட்ட ஆங்கிலம், கையால் எழுதிய இந்தி. நகல் கிடைத்தால் கையொப்பப் பக்கத்தின் உச்சியைப் பாருங்கள். நேருவின் கையொப்பத்துக்கு மேலே, கிடைத்த இடத்தில் சபைத் தலைவர் ராஜேந்திர பிரசாத்தின் கையொப்பம் சாய்வாக நெருக்கிக்கொண்டு நிற்கும்.

கேள்வி: பன்னிரண்டு தொகுதிகளைப் பார்த்தாலே மலைப்பாக இருக்கிறது. எங்கே தொடங்குவது?

பதில்: முதல் தொகுதியில் தொடங்காதீர்கள், அலுத்துவிடும். ஏழாம் தொகுதியில் 1948 நவம்பர் 29ஐத் திறவுங்கள். தீண்டாமையை ஒழிக்கும் பிரிவு அன்று வந்தது. சென்னை மாகாணத்திலிருந்து வந்த முனுசாமிப் பிள்ளையும் தாட்சாயணி வேலாயுதனும் பேசுகிறார்கள். நசிருத்தீன் அகமது கொண்டுவந்த திருத்தத்தை ஏற்க முடியாது என்று அம்பேத்கர் ஒரே வரியில் சொல்லிவிடுகிறார். திருத்தம் தோற்கிறது, பிரிவு நிறைவேறுகிறது. அந்த இடத்தில் சுருக்கெழுத்தாளர் அடைப்புக்குள் ஒரு குறிப்பு எழுதியிருக்கிறார்: 'மகாத்மா காந்திக்கு ஜே' என்ற முழக்கங்கள்.